தம்பி சொல்ல வந்தது

வாயுள்ள பிள்ளை பிழைக்கும் என்பார்கள். எங்கள் வீட்டில் வாயுள்ள பிள்ளை அண்ணன். ஆனால் அவர் பிழைத்தது தம்பியின் வாயை வைத்து. கூடப் பிறந்தவள் இப்படிச் சொல்லலாமா என்று கேட்டால், கூடப் பிறந்தவள்தான் சொல்ல முடியும் என்பேன். மற்ற எல்லாரும் சிரித்துக்கொண்டிருந்தார்கள்.

தம்பிக்குச் சின்ன வயதிலிருந்தே திக்குவாய். சொல் சிக்கிக்கொண்டால் வலது கண் தானாக மூடிக்கொள்ளும். ஆள்காட்டி விரல் எதிரில் இருப்பதை மூன்று முறை தட்டும். தட்டியபின் சில சமயம் சொல் வரும், பல சமயம் வராது. அம்மாவுக்கு ஓயாத வேலை, அப்பாவுக்குப் பொறுமை கிடையாது, எனக்கு விளையாடப் போகும் அவசரம். அவன் ஆரம்பித்ததை நாங்களே முடித்துவிடுவோம். அண்ணன் மட்டும் காத்திருப்பார். பள்ளிக்கூடம் போகிற வழியில் மழையில் நனைந்தபடி, அவன் ஒரே ஒரு வாக்கியத்தை முடிக்கும்வரை நின்றிருக்கிறார். அப்படி நின்ற நேரத்தில் எதையெல்லாம் கவனித்து வைத்துக்கொண்டார் என்பது எங்களுக்குப் பிறகுதான் தெரிந்தது.

அண்ணன் முதலில் நாடகக் குழு ஒன்றுக்கு வசனம் எழுதினார். அப்புறம் சினிமாவில் காமெடிக் காட்சிகளை மட்டும் எழுதித் தரும் வேலை. எட்டு வருடம் பெயர் வராமலே எழுதினார். ஒருநாள் நடிக்க வேண்டியவர் வரவில்லை. டைரக்டர் எரிச்சலில், "எழுதினவனே நடிச்சுட்டுப் போ" என்றார். அன்றைக்கு எடுத்தது மருந்துக்கடைக் காட்சி. கடை ஆள் திக்கித் திக்கி மருந்தின் பெயரைச் சொல்லி முடிப்பதற்குள் நோயாளிக்குக் குணமாகிவிடும். அண்ணன் ஒரு கண்ணை மூடிக்கொண்டு மேசையை மூன்று முறை தட்டினார். லைட் பிடித்துக்கொண்டிருந்தவர்கூடச் சிரித்துவிட்டாராம்.

தம்பி அப்போது மருந்துக்கடையில்தான் வேலை பார்த்தான்.

மூன்று பேரும் சேர்ந்து படத்துக்குப் போனோம். அந்தக் காட்சியில் முதலில் சிரித்தவனே தம்பிதான். இடைவேளையில் தண்ணீர் வாங்கப் போனான். 'ஒரு' என்று ஆரம்பித்து, விரலால் தட்டியதும், வரிசையில் நின்ற அத்தனை பேரும் சிரித்தார்கள். வெறுங்கையோடு திரும்பி வந்து உட்கார்ந்தான். மிச்சப் படத்துக்கு அவன் சிரிக்கவில்லை.

அதன் பிறகு தெருவில் பிள்ளைகள் சுவரைத் தட்டினார்கள். கடைக்கு வந்தவர்கள் கண்ணாடியைத் தட்டினார்கள். முதலாளி கெட்டவர் இல்லை. "நீ உள்ளே ஸ்டாக் பாருப்பா" என்று பின்னறைக்கு அனுப்பிவிட்டார். ஜன்னல் இல்லாத அறை, கூரைவரை அட்டைப்பெட்டி. பூனைக்குக் கொண்டாட்டம், எலிக்குத் திண்டாட்டம் என்பது அண்ணனுக்கும் தம்பிக்கும் சரியாகப் பொருந்தியது.

தம்பியையும் கூட்டிக்கொண்டு நான் அண்ணனிடம் சண்டைக்குப் போனேன்.

"எனக்குத் தெரிஞ்சதைத்தானே எழுத முடியும்?" என்றார்.

"உங்களைப் பத்தி உங்களுக்கு ஒண்ணுமே தெரியாதாண்ணா?"

அண்ணன் கேட்காதவர்போல் தம்பி பக்கம் திரும்பினார். "உனக்குக் கஷ்டமா இருந்தா சொல்லுடா. இன்னையோட நிறுத்திடறேன்."

தம்பி மேசையைத் தட்டினான். அண்ணன் காத்திருந்தார். அதையும் சொல்லத்தான் வேண்டும், கடைசிவரை காத்திருந்தார்.

"ப... பரவாயில்லண்ணா."

அடுத்த வருடம் அதே திக்குவாய் மருந்துக்கடைத் தம்பியை வைத்து டிவியில் சீரியல் வந்தது. எழுத்தும் நடிப்பும் அண்ணன்தான். முதல் வாரத்திலேயே அந்தப் 'பரவாயில்லண்ணா' அப்படியே வந்தது. ஒவ்வொரு வாரமும், "என்னை விட்டுடுங்க, கடையில ஆள் நிக்குது!" என்று கத்திக்கொண்டு ஓடுவதில் முடியும். பதினோரு வருடம் ஓடினார்.

அண்ணன் நடிக்க வந்து இருபத்தைந்து வருடமானதற்கு டிவிக்காரர்கள் பாராட்டு விழா வைத்தார்கள். நேரடி ஒளிபரப்பு. நிஜத் தம்பியும் மேடைக்கு வர வேண்டுமாம். போகாதே என்றேன். அவன் கேட்கவில்லை. ஒரு வாரம் கண்ணாடி முன் நின்று ஒரே வாக்கியத்தைச் சொல்லிப் பார்த்தான். பக்கத்து அறையில் கேட்டுக் கேட்டு எனக்கே மனப்பாடம் ஆகிவிட்டது. "என்னைப் பேசி முடிக்க விட்டது எங்க அண்ணன் ஒருத்தர்தான்."

இவ்வளவுக்குப் பிறகும் அவன் மனதில் அதுதான் இருந்தது. எனக்கு அழுகை வந்தது. அவன் சட்டையை நானே அயர்ன் செய்து கொடுத்தேன்.

மைக்கைக் கையில் வாங்கியதுமே கூட்டம் சிரித்தது. தம்பி பொறுமையாக நின்றான். சிரிப்பு அடங்கியதும், "என்னை..." என்றான். கண் மூடிக்கொண்டது. விரல் மைக்கைத் தட்டியது. ஸ்பீக்கரில் மூன்று முறை இடி மாதிரி விழுந்தது. சிரிப்பில் அரங்கமே அதிர்ந்தது. மேடைக்குக் கீழே நின்ற டிவிக்காரர், சீக்கிரம் சீக்கிரம் என்று கையைச் சுற்றினார். அண்ணன் அவரைப் பார்த்தார், தம்பியைப் பார்த்தார். இரண்டாவது வரிசையில் உட்கார்ந்து, "காத்திருங்கண்ணா, காத்திருங்க" என்று முணுமுணுத்துக்கொண்டே இருந்தேன்.

அண்ணன் மைக்கை வாங்கினார். "என்னை விட்டுடுங்க, கடையில ஆள் நிக்குது!"

கூட்டம் எழுந்து நின்று கைதட்டியது. தம்பியின் வாய் இன்னும் திறந்தபடியே இருந்தது.

அதற்குப் பிறகு அவன் அண்ணனிடம் பேசவே இல்லை. ஞாயிற்றுக்கிழமை காலையில் அண்ணன் போன் செய்வார். நான் ஸ்பீக்கரில் போட்டு மேசைமேல் வைப்பேன். "நான் இருக்கேன்டா. மெதுவாச் சொல்லு" என்பார். தம்பி போனையே பார்த்துக்கொண்டிருப்பான். கால் மணி நேரம், அரை மணி நேரம், அண்ணன் மூச்சு விடுவது மட்டும் கேட்கும். நாலு வருடம் இப்படியே போனது.

போன வருடம் அந்தப் பின்னறையிலேயே தம்பிக்கு நெஞ்சு வலி வந்தது. முன்னால் இருந்தவர்களுக்குத் தட்டுகிற சத்தம் கேட்டதாம். பெட்டி அடுக்குகிறான் என்று நினைத்தார்களாம். உள்ளே போய்ப் பார்த்தபோது உயிர் இல்லை.

துக்கத்துக்கு வந்தவர்கள் எல்லாரும் போன பிறகு அண்ணன் மட்டும் உட்கார்ந்திருந்தார். தம்பி சாப்பிடும் நாற்காலியில்.

"ஜனங்க அவனைப் பார்த்துச் சிரிக்கறதைத் தாங்க முடியல. காப்பாத்தறதா நெனச்சுத்தான் முடிச்சு வச்சேன்" என்றார். பொய் சொல்லவில்லை. அவர் நடிப்பு எனக்குத் தெரியும். இது நடிப்பில்லை.

"அன்னிக்கு அவன் என்ன சொல்ல வந்தான்? உனக்குத் தெரியும்ல? என்னைத் திட்டத்தானே வந்தான்?"

இத்தனை வருடக் கோபமும் என் நாக்கு நுனியில் நின்றது. தம்பி கண்ணாடி முன் சொல்லிப் பார்த்த அந்த ஒரு வாக்கியம் போதும், அண்ணன் அப்புறம் எழுந்திருக்க மாட்டார். அவர் காத்திருந்தார்.

"ஆமாண்ணா. திட்டத்தான் வந்தான்."

அண்ணன் நீளமாக மூச்சு விட்டார். "நல்லவேளை" என்றார். பிறகு தண்ணீர் கேட்டார். எடுத்துக் கொடுத்தேன்.