குளிர்ந்த நெற்றிக்காரன்

ஜெனரல் சாண்டோஸ் நகரத்துச் சூரைமீன் ஆலை வாசலில் அந்தப் பலகை இன்னும் தொங்குகிறது. தொற்றுக் காலத்தில் காய்ச்சலோடு ஒருவர்கூட இந்த வாசலைத் தாண்டவில்லை என்று எழுதியிருக்கிறது. ஆலை வண்டியை ஓட்டுகிறவன் நான்; ஆட்கள் 'மனோங்' என்பார்கள், அண்ணன் என்று அர்த்தம். தினமும் அதன் அடியில்தான் நிறுத்துகிறேன். இத்தனை வருடமாகியும் படித்தால் வயிறு எரிகிறது. பலகை பொய் சொல்லவில்லை. அதுதான் எரிச்சல்.

டெல்ஃபின் அந்தத் தொற்று வருடமே செத்துப்போனவன். மீன் சுத்தம் செய்யும் மேசையில் வேலை. கத்தி பிடித்தால் முள்ளில் சதை மிஞ்சாது. வண்டியில் ஏறியதும் பாட ஆரம்பிப்பான், குரல் கழுதைக் குரல். அவன் மனைவி மரிசெல் அப்போது நிறைமாதம்.

காய்ச்சல் கண்டவன் பதினாலு நாள் வீட்டில் கிடக்க வேண்டும் என்று உத்தரவு. சம்பளத்தோடு விடுப்பு என்று சட்டம் தந்ததோ வருடத்துக்கு ஐந்தே நாள். ஆலை தானாகக் கதவடைத்த வாரத்தில் அந்த ஐந்தையும் எங்கள் கணக்கில் கழித்துவிட்டார்கள். அதற்கு மேல் படுத்தால் கூலி கிடையாது.

டெல்ஃபினுக்குக் காய்ச்சல் வந்தது. மீன்காரனுக்குத் தெரிந்த வைத்தியத்தைச் செய்தான். ஐஸ் கட்டியைத் துண்டில் சுற்றி, வழி முழுக்க நெற்றியில் அழுத்திக்கொண்டு வந்தான். வாசலில் காவலாளி ரொகெலியோ சூடு பார்க்கும் கருவியை நீட்டினான். அதில் எண்ணே வரவில்லை. உடம்பில் சூடே இல்லை என்று காட்டியது.

"டெல்ஃபின், நீ செத்துட்டியாம்டா. மெஷின் சொல்லுது."

"செத்தவனுக்குக் காய்ச்சல் இல்லைல்ல? கேட்டைத் திற."

"பொணத்தை உள்ள விடாதேன்னு உத்தரவு ஒண்ணும் வரல. போ, போ."

வரிசையே சிரித்தது.

மறுநாள் இன்னும் சிலர் துண்டோடு ஏறினார்கள். அடுத்த வாரம் பாதி வண்டி. பாட்டும் இல்லை, பேச்சும் இல்லை. கண்ணாடியில் பார்த்தால் பின்னால் வரிசையாகத் துணி மூடிய முகங்கள். ஐஸ் உருகிச் சொட்டுகிற சத்தம் மட்டும் கேட்கும். வாசலில் ரொகெலியோ கருவியைப் பார்ப்பதையே நிறுத்திவிட்டான். கதவை மட்டும் திறந்து விடுவான்.

டெல்ஃபினுக்கு எதிரே நின்று மீன் வெட்டிய லோர்னா வேலையிலேயே சுருண்டு விழுந்தாள். கொண்டுபோன இடத்திலிருந்து சாம்பலாகத்தான் திரும்பினாள்.

சாம்பல் வந்த அன்று மாலை எல்லோரும் இறங்கிய பிறகும் டெல்ஃபின் பின்படியில் நின்றான். கிட்டே வரவில்லை. மூச்சு விசில் அடித்தது. அவனிடம் நான் பேசியது அதுதான் கடைசி.

"மனோங், லோர்னா ஒருநாளும் ஐஸ் வச்சதில்ல."

"தெரியும்டா."

"நாளைக்கு வீட்லயே கெடக்கணும்னுதான் இப்ப நெனைக்கிறேன். காலையில மரிசெல் வயித்தைப் பாத்தா கால் தானா ரோட்டுக்கு வந்துரும்."

"வந்தா?"

"கை காட்டுவேன். கெஞ்சுவேன். வண்டி பின்னாலயே ஓடி வருவேன். நிறுத்தாதீங்க மனோங். கண்ணாடியில கூடப் பாக்காதீங்க."