முந்திக்கொண்ட பரிசு

ஆஸ்பத்திரிச் சலவைக்கூடத்தில் அவளை எல்லோரும் 'இஸ்திரி அக்கா' என்றுதான் கூப்பிடுவார்கள். யாருக்காவது கல்யாணம் என்றால் மற்றவர்கள் லீவு போட்டுவிட்டுக் கிளம்பிவிடுவார்கள். அழுக்குத் துணி லீவு போடாதே! அதனால் அக்கா எந்தக் கல்யாணத்துக்கும் போனதில்லை. ஆனால் பரிசு தவறாது; அதுவும் கல்யாணத்துக்கு முன்னாலேயே வீட்டுக்குப் போய்ச் சேர்ந்துவிடும். "வந்து நிக்க முடியாதவ கையாவது முந்திக்கணும்" என்பது அவள் கட்சி. மண்டபத்துக்குக் கொடுத்தனுப்பினால் கூட்டத்தோடு கூட்டமாகிவிடுமாம்.

மூன்றாம் மாடி நர்ஸ் பெண்ணுக்குக் கல்யாணம் நிச்சயமானதும், நல்ல பருத்தியில் ஒரு படுக்கை விரிப்பும் இரண்டு தலையணை உறையும் தானே ஓரம் மடித்துத் தைத்து அனுப்பிவைத்தாள்.

கல்யாணத்துக்குச் சில நாள் இருக்கையில் அந்தப் பெண் சலவைக்கூடத்து வாசலில் வந்து நின்றாள். கையில் அதே பொட்டலம். கட்டின நாடாகூட அவிழவில்லை.

"என்னம்மா, கலர் பிடிக்கலையா?"

"கல்யாணம் நின்னுபோச்சுக்கா. எல்லாரும் மண்டபத்துல குடுக்கலாம்னு இருந்துட்டாங்க. முன்னாடியே வந்தது உங்களோடது மட்டுந்தான். திருப்பிக் குடுக்கறதுதானே முறை?"

அக்காவுக்குத் தலையில் இடி விழுந்ததுபோல் இருந்தது. அந்த மாப்பிள்ளையை அவள் பார்த்திருக்கிறாள். வாய் நிறைய அக்கா என்று கூப்பிட்டவன்.

"எந்தப் பாவி நிறுத்தினான்?"

"நான்தான் நிறுத்தினேன்."

அக்கா இஸ்திரிப்பெட்டியை ஓரமாக நிமிர்த்தி வைத்தாள்.

"வேலைய விடச் சொன்னாரு. ஏன்னு எங்கம்மா கேட்டாங்க. அவ்வளவுதான், அவங்க மேலயே கை ஓங்கிட்டாருக்கா."

"அம்மா மேலயா?" அக்கா பக்கத்துத் துணிக்கூடையின் விளிம்பைப் பிடித்துக்கொண்டு மெல்லக் கீழே உட்கார்ந்தாள். அந்தப் பெண் நீட்டிய பொட்டலத்தை அவள் பக்கமே தள்ளினாள்.

"இதை அவனுக்கா தைச்சேன்? உனக்குத்தான். கொண்டு போ."

"ரெண்டு உறை இருக்கேக்கா..."

"இருக்கட்டுமே. ஒண்ணு துவைக்கப் போட்டா இன்னொண்ணு வேணாமா?"

அந்தப் பெண் பக்கென்று சிரித்தாள். சிரித்த வாய் மூடுவதற்குள் அழுதும்விட்டாள். பொட்டலத்தை மார்போடு அணைத்துக்கொண்டு படியேறிப் போனாள்.

அன்று சாயங்காலம் அக்கா ஒரு டாக்டர் கோட்டின் முதுகைக் கருக்கிவிட்டாள். இத்தனை வருஷத்தில் அதுதான் முதல் தடவை. மேற்பார்வையாளர் ஓடிவந்து சத்தம் போட்டார்.

"பெத்தவ மேல கை ஓங்கினானாம் சார்" என்றாள்.

அவருக்கு ஒன்றும் விளங்கவில்லை. அவள் முகத்தைப் பார்த்துவிட்டுத் திரும்பிப் போனார்.