குருநகர் கனவு மகா வித்தியாலயம்

அக்கா அந்த மாயப் பள்ளிக்கூடத்தைத் தொடங்கியபோது அவளுக்குப் பதின்மூன்று வயது, எனக்கு எட்டு. அதற்குக் குருநகர் கனவு மகா வித்தியாலயம் என்று பெயரும் வைத்தாள். வீட்டுக்குப் பின்னால் பழுதாகிப்போன பைபர் படகொன்று குப்புறக் கிடந்தது. ஒரு பக்கத்துக்குக் கல் கொடுத்து உயர்த்தியிருந்ததால் தவழ்ந்து உள்ளே போகலாம். அதிபர், ஆசிரியர், காவலாளி எல்லாம் அக்கா. மாணவி நான் ஒருத்தி.

சேர்க்கைக் கடிதம் என் தலையணைக்குக் கீழே கிடந்தது. அது அக்காவின் கையெழுத்து என்று எனக்குத் தெரியும். கடிதம் வேறெங்கிருந்தோ வந்தது என்றும் நம்பினேன். எட்டு வயதில் இரண்டையும் ஒன்றாக நம்ப முடிந்தது.

கனவு, நேரம், நிலையாமை என்று மூன்று பாடங்கள். நேரப் பாடத்தில் மூச்சை அடக்கி உலகத்தை நிறுத்திவைக்க வேண்டும். நான் நிறுத்திவைத்திருந்தபோதே கோயில் மணி அடித்துவிட்டதால் புள்ளி குறைந்தது. நிலையாமைதான் கொடுமையானது. ஐஸ்பழம் ஒன்றைக் கையில் பிடித்து, ஒருதரமும் நக்காமல், வெறும் குச்சியாகும்வரை பார்த்துக்கொண்டிருக்க வேண்டும். நான் பாதியிலேயே அழுதுவிட்டேன். அழுதால்தான் பாஸ் என்று அக்கா புள்ளி போட்டாள்.

கனவுப் பாடம் கடைசித் தவணைக்குரியது. அதில் தேறியவர், விரும்பிய ஆளைக் கனவுக்குள் கூப்பிட்டு ஒரு கேள்வி கேட்கலாம். வருகிற ஆள் பொய் சொல்ல முடியாது. இந்த விதியைச் சொன்னபோது அக்கா என் முகத்தைப் பார்க்கவில்லை.

அப்பா கடலுக்குப் போய்த் திரும்பாமல் அப்போது மூன்று கிழமை ஆகியிருந்தது. அவரும் பெரியப்பாவும் ஒரே படகில் போனவர்கள். காற்றில் படகு புரண்டது. பெரியப்பா மட்டும் அதைப் பிடித்துக்கொண்டு மிதந்தார்; மற்றப் படகுக்காரர் கண்டு அவரைக் கரைசேர்த்தார்கள். தேடிப்போன படகுகள் வெறுமனே திரும்பின. செத்தவர்களுக்கு வேதக் கோயிலில் வைக்கிற முப்பத்தோராம் நாள் பூசையைப் பற்றிச் சனம் கதைக்கத் தொடங்கியதும் அம்மா ஒரேயடியாக மறுத்துவிட்டார்.

"ஆளைக் காணேல்லை. காணாத ஆளுக்கு என்ன பூசை?"

ஒவ்வொரு நாளும் அப்பாவின் சாப்பாட்டுக் கோப்பையில் சோறு போட்டு மூடிவைத்தார். பெரியப்பா இரண்டு தடவை வாசல் படலை வரைக்கும் வந்தார். இரண்டு தடவையும் அம்மா உள்ளே போய்க் கதவைச் சாத்தினார். பெரியப்பா கொஞ்ச நேரம் படலையைப் பிடித்தபடி நின்றுவிட்டுப் போனார்.

என் சோதனைக் கேள்வியை அக்கா படகுக்குக் கீழே வைத்துச் சொன்னாள்.

"அப்பா எங்கை எண்டு கேட்டுக்கொண்டு வா."

"நீயே கேளன் அக்கா."

"எனக்கு நித்திரையே வருதில்லையடி," என்றாள் அதிபர்.

மத்தியானச் சாப்பாட்டுக்குப் பிறகு அங்கேயே சாக்கு விரித்துப் படுத்தேன். நித்திரையும் வந்தது, கனவும் வந்தது. கனவில் ஓர் ஆடு என் புத்தகப்பையைத் தின்றுகொண்டிருந்தது. அப்பாவை நான் கூப்பிடவே மறந்துவிட்டேன். கண்ணைத் திறந்தால் அக்காவின் முகம் ஒரு சாண் தூரத்தில்.

"வந்தவரோ?"

ஆடு வந்தது என்று சொல்ல எனக்கு வாய் வரவில்லை.

"ஓம். தண்ணிக்குக் கீழை இருந்து கிழிஞ்ச வலை பொத்துறார். போட்டிருந்த சேட்டு நனையேல்லை. தான் இனி வரமாட்டாராம். பாத்துக்கொண்டிருக்க வேண்டாமாம்."

ஒரு பொய்க்கு இவ்வளவு தேவையில்லைதான். ஆனால் தொடங்கியபின் அது தானாக வந்தது. அக்கா கொப்பியில் எதையோ எழுதப்போனாள். எழுதாமல் முழங்காலில் முகத்தைப் புதைத்துக்கொண்டாள். அப்பா போனபிறகு அவள் அழுததை நான் கண்டது அப்போதுதான். நான் பெயிலாகிவிட்டேன் என்று நினைத்தேன்.

பின்னேரம் அம்மா என்னைக் குசினிக்குக் கூப்பிட்டார். மீன் வெட்டிய கையோடு எனக்கு முன்னால் குந்தினார்.

"அக்காவுக்குச் சொன்னதை எனக்கும் சொல்லு."

சொன்னேன். திருப்பிச் சொல்லச் சொன்னார். இரண்டாம் தரம் பயத்தில் ஒரு வசனத்தை விட்டுவிட்டேன். விட்ட இடத்தை அம்மாவே எடுத்துக் கொடுத்தார்: "பாத்துக்கொண்டிருக்க வேண்டாமாம், என்ன?" நான் தலையாட்டினேன். அவர் கையைக் கழுவி, சீலையை மாற்றி, யாரிடமும் சொல்லாமல் பெரியப்பா வீட்டுக்கு நடந்துபோனார். அடுத்த நாள் அக்கா வந்து, பூசைக்கு ஒழுங்கு செய்தாயிற்று என்று சொன்னாள்.

ஓர் ஆட்டை மறைக்கப்போய் அப்பாவைச் சாகடித்துவிட்டேன். இப்போது அவர் ஏதாவது தீவிலிருந்து வந்து இறங்கினால், செத்தவராக்கிப் பூசை வைத்தது யார் என்று கேட்பாரே. அக்காவிடம் சொல்லவும் பயம். பூசை நாள் காலையில், அம்மா எனக்குத் தலை இழுத்துக்கொண்டிருந்தபோது, சுவரைப் பார்த்தபடி சொல்லிவிட்டேன்.

"அம்மா, அப்பா வரேல்லை. நான் பொய் சொன்னனான். ஆடுதான் வந்தது."

பின்னிக்கொண்டிருந்த கை நின்றது.

"ஓம், தெரியும்," என்றார் அம்மா. "ஆடாமல் இரு."

"அப்ப பூசை?"

"பூசைக்கு நேரம் போகுது பிள்ளை."

கை மறுபடி பின்னத் தொடங்கியது. ரிபனை வழக்கத்தைவிட இறுக்கிக் கட்டினார். அடி விழவில்லையே என்ற நிம்மதியில் நான் வேறொன்றையும் யோசிக்கவில்லை.

கோயிலில் முன்வரிசை மர வாங்கில் நாங்கள் மூவரும் இருந்தோம். பெரியப்பா கடைசித் தூணுக்குப் பின்னால் நின்றார். பூசை தொடங்கச் சற்று முன் அம்மா எழும்பி, எல்லோரும் பார்த்திருக்க நடுவழியால் பின்னுக்குப் போனார். பெரியப்பாவின் முழங்கையைப் பிடித்துக் கூட்டிக்கொண்டு வந்தார். பெரியப்பா தள்ளாடித் தள்ளாடி நடந்தார். அம்மா அவரைத் தனக்கும் அக்காவுக்கும் இடையில் இருத்தினார். அவர் தோள் குலுங்கக் குலுங்க எங்கள் வாங்கும் சேர்ந்து ஆடியது.

எங்கள் வாங்கில் ஓர் ஆளுக்கு இடம் இருந்தது, அதனால்தான் அம்மா அவரைக் கூப்பிட்டார் என்று அன்றைக்கு நான் நினைத்தேன்.