புளியங்குடி இடதுகைக்காரி

கல்யாணமாகி நான் சங்கரன்கோவிலுக்கு வந்தது எழுபதுகளின் கடைசியில். எங்கள் வீட்டுப் புறவாசல் சுவருக்கு அந்தப் பக்கம் பள்ளிக்கூட மைதானம். ஒவ்வொரு தை மாதமும் பொங்கல் கழிந்த வாரம் அங்கே பூப்பந்துப் போட்டி நடக்கும். கடையநல்லூர், புளியங்குடி, குருவிகுளம் என்று சுற்றுவட்டாரத்து அணிகளெல்லாம் வரும். மட்டையில் கம்பளிப் பந்து படும் சத்தம் பொழுது சாயும்வரை அடுப்படியில் கேட்டுக்கொண்டே இருக்கும்.

கல்லூரியில் மூன்று வருடம் அந்த ஆட்டம் ஆடியவள் நான். ஐந்து பேர் அணியில் பின்வரிசை இடதுபக்கம் என்னுடையது. பந்து மட்டையின் நடுவில் பட்டதா, விளிம்பில் பட்டதா என்று சத்தத்தை வைத்தே சொல்லிவிடுவேன். கேட்கத்தான் ஆள் கிடையாது. பெண் பார்க்க வந்தவர்கள் பாடத் தெரியுமா என்றார்கள், தையல் தெரியுமா என்றார்கள். இதை யாரும் கேட்கவில்லை.

என் கணவர் போட்டிக் கமிட்டியில் இருந்தார். சுண்ணாம்பில் கோடு போடுவதும் வலை கட்டுவதும் அவர் பொறுப்பு. நான் வந்த மூன்றாவது வருடம், கைப்பிடித் துணி பிரிந்த மட்டை ஒன்றைக் கொண்டுவந்து தைத்துத் தரச் சொன்னார். தைத்து முடித்ததும், பிடி சரியாக நிற்கிறதா என்று மணிக்கட்டைச் சுழற்றி இரண்டு தடவை வீசிப் பார்த்தேன். வாசலில் செருப்பு மாட்டிக்கொண்டிருந்தவர் அப்படியே நின்றுவிட்டார்.

“நீ ஆடியிருக்கியா?”

“காலேஜ்ல.”

“இத்தனை நாளா சொல்லலியே.”

“நீங்க கேக்கலியே.”

மட்டையை வாங்கிக்கொண்டு போய்விட்டார். மறுநாள் மத்தியானம் சாப்பிட வந்தபோது, என் முகத்தைப் பார்க்காமல் சொன்னார்: “பைனலுக்கு முன்னால லேடீஸ் மேட்ச் ஒண்ணு வைக்கோம். புளியங்குடியில இருந்து அஞ்சு டீச்சர்மாரு வாராங்க. நம்ம பக்கம் நாலு டீச்சர்தான் இருக்காங்க. ஒரு ஆள் குறையுது.”

முறத்தில் உளுந்து புடைத்துக்கொண்டிருந்த மாமியார் நிமிரவில்லை. “அங்கன ஊரே நிக்கும்லா” என்றார். கொஞ்சம் பொறுத்து, “ஊக்கு நாலு கூடக் குத்திக்கிட்டுப் போகச் சொல்லு” என்றார்.

புளியங்குடி அணியில் ஒருத்தி இடதுகைக்காரி. இருபத்திரண்டு வயது இருக்கும். அவள் மூலைக்கு அடிக்கும் பந்து நாம் நினைத்த பக்கத்துக்கு எதிராக விலகிப் போகும். முதல் பத்துப் பாயிண்ட்வரை எனக்கு ஒன்றும் பிடிபடவில்லை. பிறகு என் கால்கள் பழைய வழக்கத்துக்கு வந்தன. ஒரு சமயம் அவளும் நானும் மட்டுமே மாற்றி மாற்றி அடித்துக்கொண்டிருந்தோம். மற்ற எட்டுப் பேரும் ஒதுங்கி நின்றார்கள். மூச்சு வாங்கியது. சேலை, கூட்டம், மாமியார் எதுவும் நினைவில் இல்லை.

நாங்கள் தோற்றோம். அவள் வலைக்கடியில் குனிந்து வந்து என் கையைப் பிடித்தாள்.

“எக்கா, இவ்வளவு நாளும் எங்கன இருந்தீங்க?”

“இந்தா, இந்தச் சுவருக்குப் பின்னாலதான்.”

“அடுத்த வருசமும் நான் வருவேன். நீங்க கட்டாயம் நிக்கணும்.”

அந்த வருடம் முழுவதும், மாமியார் கண்ணயரும் மத்தியான வேளைகளில் புறவாசல் சுவரில் பந்தை அடித்துப் பழகினேன். மட்டை என் கணவர் எங்கிருந்தோ வாங்கி வந்து அலமாரி மேல் வைத்தது. அவள் அடிக்கும் அந்த மூலைப் பந்துக்கு ஒரு பதில் கண்டுபிடித்து வைத்திருந்தேன். அதுபோல நான் எதற்கும் காத்திருந்ததில்லை.

தை பிறந்தது. ஒருநாள் காலை கணவர் அடுப்படி வாசலில் வந்து நின்றார்.

“இந்த வருசம் லேடீஸ் மேட்ச் இல்ல. போன தடவை கூட்டத்துல ரெண்டு பேரு கண்டபடி பேசியிருக்கானுவ. நம்ம டீச்சர்மாரு வீட்டுல வேண்டாம்னுட்டாங்க. நானும் சொல்லிப் பாத்தேன்.”

“சரி” என்று தோசையைத் திருப்பிப் போட்டேன்.

இறுதிப் போட்டி நாளன்று மத்தியானம் அவரே அவளை வீட்டுக்குக் கூட்டிவந்தார். துணிப்பையில் மட்டை துருத்திக்கொண்டிருந்தது. அவளுக்கு யாரும் தகவல் சொல்லவில்லை. பஸ் ஏறி வந்துவிட்டாள். அவளை விட்டுவிட்டு அவர் மைதானத்துக்குப் போனார். மாமியார் காப்பி கொடுத்தார். குடித்துவிட்டு டம்ளரை வைத்தவள் புறவாசலை எட்டிப் பார்த்தாள்.

“கொடி கட்டிக் கெடக்குல்லா, அது போதும்க்கா.”

காய்ந்த துணிகளை எடுத்துவிட்டு, கொடிக்கு இருபுறமும் நின்று ஆடினோம். சுவருக்கு அந்தப் பக்கம் பைனலுக்குக் கைதட்டிக்கொண்டிருந்தார்கள். நாங்கள் பாயிண்ட் எண்ணவில்லை. அவள் மூலைக்கு அடித்தாள், நான் திருப்பி அனுப்பினேன். “பழகிட்டீங்க” என்று சிரித்தாள். மறுபடி அடித்தாள், மறுபடி அனுப்பினேன். கடைசியில் பந்து கிணற்றுக்குள் போய் விழுந்தது. வாளியை இறக்கி எடுத்தோம். தண்ணீர் குடித்துக் கனத்துப் போயிருந்தது. அவள் பிழியப் பிழிய மஞ்சள் சாயம் வடிந்தது. அதற்குமேல் ஆட முடியவில்லை.

பஸ் ஸ்டாண்டுவரை கூடப் போனேன். வழியில்தான் சொன்னாள், சித்திரையில் அவளுக்குக் கல்யாணம் என்று. மாப்பிள்ளைக்கு வடக்கே ஏதோ ஊரில் வேலை.

“அங்கன பூப்பந்து ஆடுவாங்களான்னு தெரியலக்கா.”

“கேக்கலியா?”

“எப்படிக்கா கேக்கது?”

புளியங்குடி பஸ் வந்தது, ஏறிக்கொண்டாள். ஜன்னல் ஓரம் இடம் கிடைக்கவில்லை போலும். பஸ் திரும்பும்போது தேடினேன், முகம் தெரியவில்லை.

கல்யாணத்துக்குப் பிறகு அவளிடமிருந்து இரண்டு கடிதங்கள் வந்தன. இரண்டுக்கும் உடனே பதில் போட்டேன். மூன்றாவதாக நானே எழுதியது, அந்த முகவரியில் ஆள் இல்லை என்று திரும்பி வந்தது. போட்டி வருடா வருடம் நடந்தது. லேடீஸ் மேட்ச் பிறகு வைக்கவே இல்லை. சில வருடங்களில் கணவருக்கு மாற்றலாகி நாங்கள் திருநெல்வேலிக்குப் போனோம். அங்கே எங்கள் தெருவில் இரண்டு பெண்கள் ஆடக் கூப்பிட்டார்கள். முழங்கால் வலி என்று சொல்லிவிட்டேன். அப்போது எனக்கு முழங்காலில் வலி எதுவும் கிடையாது. எனக்கு அவளோடு ஆட வேண்டியிருந்தது.