கழுவிவிட்ட வளைவு

மலை ரோட்டில் போய்வரும் வாசகர்களுக்காக இதை எழுதுகிறேன். ரிங்லெட் ஊர்ப் பக்கம் தேயிலைத் தோட்டத்தில் வேலை செய்கிறேன். சில வருடங்களுக்கு முன், காலையில் மோட்டார் சைக்கிளில் வேலைக்குக் கிளம்பிய என் கணவர் மீது, தோட்டத்துக்குக் கீழே உள்ள வளைவில் காய்கறி லோரி மோதியது. அங்கேயே உயிர் போய்விட்டது.

செய்தி கேட்டு ஓடிப்போய், அவர் ரத்தத்தை யாரும் மிதிக்கக்கூடாது என்று கதறினேன். போலீஸ் வருவதற்குள், லயத்து வீடுகளில் குடியிருந்த தோட்டத்து ஆட்கள் கண்ணாடித் துண்டுகளைக் கூட்டி அள்ளி, மஞ்சள் தண்ணீர் ஊற்றி ரோட்டைக் கழுவிவிட்டார்கள். மோட்டாரையும் ஓரமாகத் தூக்கி வைத்தார்கள். எல்லாம் அவர்மேல் இருந்த பிரியம்தான்.

என் கணவர்தான் எதிர்ப்பக்கம் ஏறி வந்தார் என்று லோரிக்காரர் சொல்லிவிட்டார். மோதியதை நேரில் பார்த்தவர் யாருமில்லை. நஷ்டஈடு கேட்டு தானா ராத்தா டவுனில் ஒரு வக்கீலிடம் போனேன்.

"கண்ணாடி அவரு வந்த பக்கத்துலதான் சார் கெடந்துச்சு."

"போட்டோ இருக்காம்மா?"

"கூட்டிக் கழுவிட்டோம் சார்."

"லோரிமேல தப்புன்னு நாமதான் நிரூபிக்கணும்லா. எத வச்சு நிரூபிக்கிறது?" என்றார்.

வழக்கு நிற்கவில்லை. தீர்ப்பில் தப்பு என் கணவர் பக்கமே இருந்துவிட்டது.

போன மாதம் அதே வளைவில் வண்டிகள் மோதி இன்னொருவர் இறந்துகிடந்தார். வாளியோடு ஓடிவந்தவர்களைத் தடுத்து நிறுத்தி, டயர் தடம், கண்ணாடி, வண்டிகள் நின்ற இடம் எல்லாவற்றையும் கைப்பேசியில் படம் எடுத்தேன்.

"செத்துக் கெடக்குறாரு, போட்டோ எடுக்குறியே, நீயெல்லாம் மனுஷியா?" என்று அவர் மனைவி என்மேல் மண்ணை வாரி இறைத்தாள்.

படங்களை அழிக்காமல் வைத்திருக்கிறேன். ஒருநாள் அவள் கேட்டு வருவாள்.