தியாகி நீட்டிய கை

நான் ஐந்தாம் வகுப்பு வரைதான் போனேன். அந்த ஐந்தாம் வகுப்பு என்னைப் பிரிய மனமில்லாமல் இன்னொரு வருஷம் வைத்துக்கொண்டது. இத்தனை வருஷத்தில் வகுப்பில் நான் கை தூக்கியதெல்லாம் ஒண்ணுக்குப் போவதற்குத்தான். வேறு காரணத்துக்குத் தூக்கியது ஒரே ஒரு தடவை. அன்றைக்கு அதைத் தூக்காமல் இருந்திருக்கலாம்.

சுதந்திர தினத்துக்கு முந்தின வாரம் வாத்தியார் கேட்டார். "யாரு வீட்லயாச்சும் வெள்ளக்காரன் காலத்துல போராட்டத்துல இருந்தவங்க இருக்காங்களாடா?"

நான் கையைத் தூக்கினேன்.

"போயிட்டுச் சீக்கிரம் வா" என்றார்.

"அதுக்கில்ல சார். எங்க சின்னத் தாத்தா இருந்தாரு. ஒரு வெள்ளக்காரனப் புடிச்சு நாற்காலில ஒக்கார வச்சு, சுத்தி நின்னு போட்டோவே எடுத்திருக்காங்க சார்."

வாத்தியார் சிரித்துக்கொண்டே, "அப்ப கட்டாயம் கூட்டிட்டு வா" என்றார்.

சின்னத் தாத்தா என்றால் என் தாத்தாவின் தம்பி. கல்யாணம் கட்டாதவர், திண்டுக்கல் நாகல் நகரில் எங்கள் வீட்டோடு இருந்தார். இரண்டு கண்ணிலும் புரை விழுந்து, நாலடிக்கு அப்பால் நிற்பது ஆளா தூணா என்று கேட்டுத்தான் தெரிந்துகொள்வார். அந்தப் போட்டோ அவர் பெட்டியில் இருந்தது. காக்கி டவுசர், கழுத்தில் துண்டு, கையில் ஆளுயரக் கம்பு என்று பத்துப் பதினைந்து பையன்கள். நடுவில் நாற்காலியில் ஒரு துரை. அவ்வளவு கம்புக்கு நடுவில் ஒருத்தன் உட்கார்ந்திருந்தால் அவனைச் சிறைபிடித்துத்தானே வைத்திருக்க வேண்டும்? என் அறிவு அவ்வளவுதான் போனது.

சுதந்திர தினத்துக்கு வரச்சொல்லிக் கூப்பிட்டதும் சின்னத் தாத்தா, "போடா போக்கத்தவனே" என்று திரும்பிப் படுத்துக்கொண்டார். கொடியேற்ற ஆத்தூரிலிருந்து ஒரு தியாகி வருகிறார் என்று சொல்லி, அவர் பெயரையும் சொன்னேன். எழுந்து உட்கார்ந்தார்.

"அவனா வாரான்?"

"ஆமா தாத்தா."

"அப்ப வாரேன். சாகுறதுக்குள்ள ஒரு தடவ அவன் முன்னால போய் நின்னுரணும்."

ஏன் என்பதை அப்பா எனக்குச் சொன்னது ரொம்பப் பிற்பாடு. போட்டோவில் இருந்தது சாரணர் படை. முதலில் வெள்ளைக்காரப் பிள்ளைகளுக்கு மட்டும் என்று இருந்து, பிறகு போனால் போகிறதென்று நம் பையன்களையும் சேர்த்துக்கொண்டார்களாம். முடிச்சுப் போடவும் கூடாரம் அடிக்கவும் அடிபட்டவனுக்குக் கட்டுப் போடவும் சொல்லித் தந்தார்கள். கூடவே, ராஜாவுக்கு உண்மையாக இருப்பேன் என்று மூன்று விரலைத் தூக்கிச் சத்தியமும் வாங்கிக்கொண்டார்கள். ராஜா சீமையில் இருந்தார், பையன்கள் திண்டுக்கல்லில் இருந்தார்கள். டவுசர் நன்றாக இருந்ததால் யாரும் யோசிக்கவில்லை.

ஊரில் கள்ளுக்கடை மறியல் நடந்தபோது, கயிறு பிடித்துக் கூட்டத்தை ஒதுக்கச் சொல்லி துரை இவர்களை அனுப்பினார். கயிற்றுக்கு அந்தப் பக்கம் நின்றதில் பாதிப்பேர் இவர்களுடைய அண்ணன்மார்கள். அன்று சாயங்காலமே, அதே படையில் இருந்த ஆத்தூர்க்காரர் மலைக்கோட்டை அடிவாரத்தில் கழுத்துத் துண்டை அவிழ்த்துக் கொளுத்தினார். இன்னும் நாலைந்து பேர் கொண்டுவந்து போட்டார்கள். சின்னத் தாத்தா போடவில்லை. அவருடைய அப்பா துரையின் ஆபீசில் பியூன். துண்டை மடித்து டவுசர் பைக்குள் வைத்துக்கொண்டு வீட்டுக்கு வந்துவிட்டார். கொளுத்தியவர்களைப் பள்ளிக்கூடத்தை விட்டு விரட்டினார்கள். ஆத்தூர்க்காரர் பிறகு ஜெயிலுக்கும் போனார். ஒரே பெஞ்சில் இருந்த இருவரும் அதற்கப்புறம் நாற்பது வருஷம் ஒரு வார்த்தை பேசிக்கொள்ளவில்லை.

இதெல்லாம் தெரியாமல்தான் அவரைக் கையைப் பிடித்துக் கூட்டிப்போனேன். வழியெல்லாம் என்னவோ முணுமுணுத்துக்கொண்டு வந்தார். என்ன பேசுவது என்று ஒத்திகை பார்த்திருப்பார்.

கொடி ஏறியது. தியாகி பேசினார். பேசி முடித்து இறங்கியதும் வாத்தியார் அவரைச் சின்னத் தாத்தாவிடம் அழைத்துவந்தார். ஐந்தாறு அடி தள்ளி தியாகி நின்றுவிட்டார். கொஞ்ச நேரம் பார்த்தார். பள்ளிக்கூடமே அமைதியாகப் பார்த்துக்கொண்டிருந்தது. பிறகு மெதுவாகத் தன் இடக்கையை நீட்டினார்.

சோற்றுக் கை சும்மா தொங்க, பீச்சாங்கையை நீட்டுகிறார்! என் தாத்தாவை அவமானப்படுத்தினார் என்று கோபம் வந்ததாகச் சொன்னால் கேட்க நன்றாக இருக்கும். உண்மை என்னவென்றால், முந்நூறு பேர் வாயை மூடிக்கொண்டிருக்கும் நேரம் என் வாழ்க்கையில் மறுபடி வராது என்று தோன்றியது.

"ஏலே, கழுவிட்டு வந்தாரான்னு கேளுங்கடா!" என்று கத்தினேன்.

பள்ளிக்கூடம் வெடித்துச் சிரித்தது. நீட்டிய கை சுருங்கியது. பெரிய வாத்தியார் பதறிப்போய் தியாகியைக் காருக்குக் கூட்டிப்போனார். என் காது யாருடைய கையிலோ இருந்தது. சின்னத் தாத்தா தடவித் தடவி என்னைப் பிடித்து வெளியே நடந்தார்.

ரோட்டுக்கு வந்ததும், "எல்லாரும் என்னயப் பாத்துத்தான சிரிச்சாங்க?" என்றார்.

"இல்ல தாத்தா. அந்தாளு ஒனக்கு எடக்கைய நீட்டுனாரு. அதான் நான் ஒரு போடு போட்டேன்."

நின்றுவிட்டார். "எடக்கையா? நல்லாப் பாத்தியா அப்பு?"

"சத்தியமா எடக்கைதான்."

அப்படியே திரும்பிப் பள்ளிக்கூடத்துக்கு ஓடினார். புரை விழுந்த கிழவர் வேட்டியைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு ஓடினால் எப்படி இருக்கும்? எனக்குச் சிரிப்புத்தான் வந்தது. சண்டைக்குப் போகிறார் என்று நினைத்து, கல் ஒன்றைப் பொறுக்கிக்கொண்டு பின்னால் ஓடினேன்.

இருபது வருஷத்துக்கு அப்புறம் என் மகள் பள்ளிக்கூடத்தில் சாரணர் உடுப்புப் போட்டு வந்து எனக்கு இடக்கையை நீட்டினாள். அடிக்கக் கை ஓங்கினேன். "அய்யோ அப்பா, சாரணருங்க ஒருத்தருக்கொருத்தர் எடக்கையத்தான் குடுப்போம். நெஞ்சுக்குப் பக்கத்துல இருக்குற கை அதுதான" என்றாள். ஓங்கிய கையை என்ன செய்வதென்று தெரியாமல் வைத்துக்கொண்டு வெகுநேரம் நின்றேன்.

அன்று நாங்கள் ஓடிப் போனபோது கார் கிளம்பிப் போயிருந்தது. பஸ் நிறுத்தத்துக்கு வந்தோம். ஆத்தூர் போகிற பஸ் ஒன்று ஆள் சேரட்டும் என்று உறுமிக்கொண்டு நின்றது. சின்னத் தாத்தா படிக்கம்பியைப் பிடித்துக்கொண்டார். காலை வைக்கவில்லை.

"அப்பு, எனக்குத்தான் தெரியல. கைய இழுத்துக்கிட்டப்ப அவன் மூஞ்சி எப்டிடா இருந்துச்சு?"

நான் அந்த முகத்தைப் பார்க்கவே இல்லை. என் பேச்சுக்கு யார் யார் சிரிக்கிறார்கள் என்று மற்ற முகங்களைத்தான் பார்த்துக்கொண்டிருந்தேன். ஆனால் தெரியாது என்று சொல்லி எனக்குப் பழக்கமில்லை. எதிரியை நான் ஒழித்துக்கட்டிவிட்டதாகச் சொன்னால் அவருக்குச் சந்தோஷமாக இருக்கும் என்று கணக்குப் போட்டேன்.

"பயங்கரக் கோவம் தாத்தா. ஒன் மூஞ்சில இனிமே முழிக்கவே கூடாதுங்கிற மாதிரி மொறச்சுட்டுப் போனாரு."

"அப்டியா" என்றார்.

"ஏறுறதுன்னா ஏறுங்க பெரியவரே" என்று கண்டக்டர் சத்தம் போட்டார். சின்னத் தாத்தா கம்பியை விட்டார். பஸ் போய்விட்டது. அதற்கப்புறமும் அவர் ஆத்தூருக்குப் போகவில்லை. அடுத்த வருஷம் கொடியேற்ற அந்தத் தியாகி உயிரோடு இல்லை.

அன்று வீடு வரும்வரை சின்னத் தாத்தா பேசவே இல்லை. நான் சொன்னதில் அவர் மனசு குளிர்ந்துவிட்டது, அதனால்தான் பேச்சு வரவில்லை என்று நினைத்து, அந்த மொறைப்பை இன்னும் ரெண்டு தடவை நடித்துக் காட்டிக்கொண்டே நடந்தேன்.