தகரக் கொட்டகையில் காட்டுமாடு

நான் குறட்டை விடுவதில்லை. கல்யாணமான நாளிலிருந்து என் மனைவியிடம் இதைத்தான் சொல்லி வருகிறேன். அவள் ஒத்துக்கொண்டதில்லை. போன மாதம், மகனின் மாமனாருடைய ஏலக்காய்த் தோட்டத்துக்கு இருவரும் கிளம்பிய காலையில், போடி வீட்டு வாசலிலேயே அது பந்தயமாகிவிட்டது. வெளி ஆள் ஒருவர் என் குறட்டையைக் கேட்டதாகச் சொன்னால் மாடி அறை அவளுக்கு. நான் கூடத்தில் படுக்க வேண்டும். மலை தெரிகிற அறை அது. தோற்க மாட்டேன் என்ற தைரியத்தில் சம்மதித்தேன்.

குரங்கணியிலிருந்து ஜீப்பில் பதினொரு பேர், நான்கு உரமூட்டை, ஒரு கோழி. கோழியை என் மடியில் வைத்தார்கள். மதியம் தோட்டத்து வீட்டில் அது குழம்பாக இலைக்கு வந்தது. சாப்பிட்டதும் கண் சொருகியது. அங்கே தூங்கினால் ஆபத்து என்று, காய் உலர்த்தும் ஸ்டோருக்குப் பின்னால் இருந்த தகரக் கொட்டகைக்கு நழுவினேன். விழித்திருப்பதற்காக அங்கே அடுக்கியிருந்த சாக்குகளை எண்ணினேன். இருபத்து மூன்றுக்கு மேல் நினைவில்லை.

திடீரென்று தட்டு, டின், வாளி எல்லாம் சேர்ந்து அதிர்ந்தன. அலறியடித்து வெளியே ஓடினேன். காய் எடுக்கும் பெண்கள் ஒன்பது பேரும் கங்காணியும் தட்டிக்கொண்டு நின்றார்கள்.

"இங்கிட்டு வாங்கய்யா, காட்டுமாடு எறங்கியிருக்கு," என்றார் கங்காணி.

நான் காட்டுமாட்டைப் பக்கத்தில் பார்த்ததே இல்லை. கிடந்த டின் ஒன்றை எடுத்து, எல்லோரையும்விடப் பலமாக நானும் தட்டினேன்.

கொஞ்ச நேரத்தில் கங்காணி கையை உயர்த்தினார். காடு கப்சிப்பென்று இருந்தது.

"போயிருச்சு போல," என்றார் சத்தம் கேட்டு வந்திருந்த என் சம்பந்தி.

"கொட்டகைக்குள்ள இருந்துதான் கேட்டுச்சு," என்றாள் ஒரு பெண். "உர்ருனு இழுத்து இழுத்து உறுமுச்சு. நடுவுல விசிலு வேற."

"காட்டுமாடு எங்கத்தா விசில் அடிக்கும்?" என்று கேட்டார் கங்காணி.

ஒவ்வொருவராக என் பக்கம் திரும்பினார்கள். என் சட்டை முதுகெல்லாம் சாக்குத் தூசி. என் மனைவி வீட்டிலிருந்து நிதானமாக நடந்து வந்தாள்.

"அந்த மாட்ட எனக்கு நாப்பத்திரண்டு வருசமாத் தெரியும்," என்றாள்.

நான் விடவில்லை. "எல்லாரும் மாடுன்னுதான சொன்னாங்க? குறட்டைன்னு யாரு சொன்னா?"

அவள் கங்காணியைப் பார்த்தாள். "நீ சொல்லுப்பா. மாடா, குறட்டையா?"

கங்காணி என்னைப் பார்த்தார், அவளைப் பார்த்தார், டின்னைக் கீழே வைத்தார்.

"மாடுன்னா நாங்க தட்டுனதுக்கு ஓடியிருக்கும் ஆத்தா. இது எந்திரிச்சு வந்து எங்க கூடச் சேந்துல்ல தட்டுச்சு? குறட்டைதான்."

பெண்கள் தலையில் போட்டிருந்த கொங்காணிச் சாக்கை வாயில் பொத்திக்கொண்டு சிரித்தார்கள். சம்பந்தி மரியாதைக்காகத் துண்டால் முகத்தைத் துடைப்பதுபோல் மூடிக்கொண்டார். துண்டு குலுங்கியது. எனக்கே சிரிப்பு பொத்துக்கொண்டு வந்தது. அடக்கப் பார்த்து இருமினேன்.

என் மனைவி அங்கேயே நின்று போடியில் இருக்கும் மகனுக்குப் போன் போட்டாள். "தம்பி, வெரசா மாடிக்குப் போயி அப்பா கட்டில எறக்கிக் கூடத்துல போடு. என்ன ஏதுன்னு வந்து சொல்றேன்."

"ஃபேனையும் கூடத்துக்கு எறக்கச் சொல்லு," என்றேன்.

"நீங்க விடுற மூச்சுக்கு ஃபேனு எதுக்குங்க?" என்றாள்.